மெல்லினமே இல்லாத மொழின்னு சொல்றாங்களே, அது எந்த ஊரு ரோட்டோகாஸ்?

உலகத்துலயே ரொம்பக் கம்மியான மெய்யொலி இருக்கிற மொழி எதுன்னு எங்க தேடினாலும் மொதல்ல வந்து நிக்கிற பேரு ரோட்டோகாஸ். பப்புவா நியூ கினி நாட்டைச் சேர்ந்த பூகன்வில் தீவுல சுமார் 4,000 பேர் பேசுற மொழி. மெய் 6, உயிர் 5, ஆக மொத்தம் 11 தான். ரெக்கார்டு புத்தகத்துல இருக்கு, க்விஸ்ல கேக்குறாங்க, "உலகின் மிக எளிமையான மொழி"ன்னு தலைப்பு போட்டு ஃபார்வர்டும் சுத்துது. ங ஞ ண ந ம னன்னு ஆறு மெல்லினத்தையும் ஸ்கூல்ல ராகம் போட்டு ஒப்பிச்சு வளர்ந்த நமக்கு இதுல பெரிய ஆச்சரியம் என்னன்னா, அந்த 6 மெய்ல மெல்லினம் ஒன்னுகூட கிடையாது. ம இல்ல, ன இல்ல, ங இல்ல.

விஷயம் என்னன்னா, இந்த 6 ரோட்டோகாஸ் மொழியோட நம்பர் கிடையாது, அந்த மொழியோட ஒரு கிளைமொழிக்கு மட்டும் சொன்ன நம்பர். அதே மலையில அதே மொழியோட இன்னொரு கிளைமொழில மெய் 9 இருக்கு, கூட வர்ற மூணுமே மெல்லினம் தான். இந்த ஒரு கேஸை முழுசா எடுத்துப் பார்த்தா ஒலி எப்படி எண்ணுறாங்க, யாரு எண்ணுறாங்க, எண்ணினது எப்படி டேட்டாபேஸுக்குள்ள போயி வேற உருவத்துல வெளிய வருதுன்னு எல்லாமே தெரியும், அதனால தான் இவ்வளவு நீளமா எழுதுறேன்.

முதல்ல இடம். பூகன்வில் புவியியல்படி சாலமன் தீவுக்கூட்டத்தோட வடக்கு முனை, ஆனா அரசியல்படி பப்புவா நியூ கினி. 1768ல அந்தப் பக்கமா கப்பல்ல போன பிரெஞ்சுக்காரர் பூகன்வில் பேரு தான் தீவுக்கு ஒட்டிக்கிச்சு, அப்புறம் ஜெர்மன்காரங்க, 1914லேர்ந்து ஆஸ்திரேலியா, நடுவுல ரெண்டாம் உலகப்போர்ல ஜப்பான், 1975ல பப்புவா நியூ கினியோட சேர்ந்து சுதந்திரம். பாங்குனா தாமிரச் சுரங்கத்தை வச்சு 1988ல ஆரம்பிச்ச சண்டை பத்து வருஷம் ஓடுச்சு, 2001ல சமாதான ஒப்பந்தம், 2019 வாக்கெடுப்புல 98 சதவீதத்துக்கு மேல தனிநாடுன்னு ஓட்டு போட்டாங்க. தீவோட நடுவுல மலைத்தொடர், அதுல பால்பி எரிமலை 2,700 மீட்டருக்கு மேல. ரோட்டோகாஸ் பேசுறவங்க அந்த மலைப்பகுதியிலயும் கிழக்குக் கரையில வாக்குனாய் பக்கமும் இருக்காங்க.

இந்த ஒரு தீவுலயும் பக்கத்துல ஒட்டி இருக்கிற புக்காவுலயுமா சேர்த்து இருபதுக்கு மேல மொழி இருக்கு. கரையோரமா ஹாலியா, தேயோப், டோராவ் மாதிரி ஆஸ்ட்ரோனேசிய மொழிங்க, அதாவது மலாய், ஹவாய், ஃபிஜி மொழிங்களுக்கு உறவு. உள்ள மலைப்பக்கம் பப்புவன் மொழிங்க. பப்புவன்னு சொன்னா அது ஒரு குடும்பம்னு நினைச்சுடாதீங்க, அந்த வட்டாரத்துல ஆஸ்ட்ரோனேசியம் அல்லாதது எல்லாத்துக்கும் போட்ட பொது லேபிள் அது. பூகன்வில்லயே வடக்கு ஒன்னு தெற்கு ஒன்னுன்னு ரெண்டு குடும்பம் சொல்றாங்க, ரெண்டுக்கும் நடுவுல உறவுன்னு இதுவரைக்கும் யாரும் நிரூபிக்கல. ரோட்டோகாஸ் வடக்குக் குடும்பம். புக்காவுல இருக்கிற கிலு குகையில மனுஷங்க இருந்த தடயம் ஏறக்குறைய 29,000 வருஷம் பழசு, ஆஸ்ட்ரோனேசியக்காரங்க கடல்வழியா வந்தது சுமார் 3,000 வருஷத்துக்கு முன்னாடி தான்.

ரோட்டோகாஸுக்குள்ள பொதுவா சொல்ற கிளைமொழி மூணு: நடு ரோட்டோகாஸ், ஐட்டா, பிப்பிபாயா. அத்சிலிமான்னு ஒரு ஊர்ப் பேச்சையும் தனியா குறிப்பிடுறதுண்டு. ரெக்கார்டு எல்லாம் நடு ரோட்டோகாஸுக்குத் தான்.

அதை எழுதி வச்சவங்க இர்வின் ஃபிர்ச்சோ, ஜாக்குலின் ஃபிர்ச்சோன்னு ஒரு தம்பதி. பைபிள் மொழிபெயர்ப்புக்காக உலகம் முழுக்க ஆளுங்களை அனுப்புற எஸ்.ஐ.எல். அமைப்புல இருந்து 1960கள்ல அங்க போனவங்க. 1969ல அவங்க எழுதின ஒரு சின்னக் கட்டுரை தான் இந்த 11க்கு மூலம். அப்புறம் 1973ல ரோட்டோகாஸ், பிட்ஜின் (டோக் பிசின்னு சொல்ற அந்த நாட்டுப் பொது மொழி), இங்கிலீஷ்னு மூணு மொழிச் சொல்பட்டியல் ஒன்னும் ரோட்டோகாஸ் பேசுற ஒருத்தரோட சேர்ந்து போட்டாங்க.

அவங்க கணக்கு இப்படி. உதடு, நுனிநாக்கு, பின்நாக்கு, ஆக மூணு இடம். ஒவ்வொரு இடத்துலயும் ரெண்டு மெய்: ஒன்னு தொண்டை அதிராம வர்றது, இன்னொன்னு அதிர வர்றது. அதிராததுல பிரச்சினை இல்ல, "பல்"லுல வர்ற ப, "பட்டம்"ல நடுவுல வர்ற ட மாதிரி ஒன்னு, "கல்"லுல வர்ற க. சுவாரசியம் முழுக்க அதிர்ற மூணுல தான். உதட்டுல வர்றது சில நேரம் ரெண்டு உதட்டையும் லேசா உரசி வர்ற வ, சில நேரம் "கம்பு"ல வர்ற ப, அபூர்வமா ம. நுனிநாக்குல வர்றது சில நேரம் ர, சில நேரம் ல, இங்கிலீஷ் டி (D) மாதிரியும் வரும், ன மாதிரியும் வரலாம். பின்நாக்குல "சங்கு"ல வர்ற க, அதோட உரசல் வடிவம், எப்பவாவது ங. ஆனா எந்த வடிவத்துல சொன்னாலும் வார்த்தையோட அர்த்தம் மாறாது, அதனால மூணு மூணா எண்ண வேணாம், ஒவ்வொன்னா எண்ணினா போதும்னு முடிவு பண்ணாங்க.

தமிழ் படிச்சவனுக்கு இதுல ஒரு அட்வான்டேஜ் இருக்கு. "கல்", "சங்கு", "மகன்" மூணுலயும் க ஒரே எழுத்து, வாயில வர்றது மூணு வேற சத்தம். வெளிநாட்டுக்காரன் காதுக்கு மூணு, நமக்கு ஒன்னு, ஏன்னா அந்த வித்தியாசத்தை வச்சு தமிழ்ல ரெண்டு வார்த்தையைப் பிரிக்கிறதில்ல. மொழியியல்ல இதைத்தான் ஒலியன்னு சொல்றாங்க, சத்தத்தை எண்ணாம வேறுபாட்டை எண்ணுறது. ரோட்டோகாஸ்ல கணக்கு வேற மாதிரி விழுது: நாம ஒன்னா வச்சிருக்கிற "கல்" க-வும் "சங்கு" க-வும் அங்க ரெண்டு தனி ஒலியன், நாம தனித்தனியா வச்சிருக்கிற வ-வும் ம-வும் நடு ரோட்டோகாஸ்ல ஒன்னு. இதனாலயே ரோட்டோகாஸ் வார்த்தையைத் தமிழ் எழுத்துல எழுதுறது கொஞ்சம் கஷ்டம், க போட்டா எந்த கன்னு தெரியாது, இந்தக் கட்டுரைல நான் எழுதியிருக்கிற ரோட்டோகாஸ் வார்த்தைங்கள்ல வர்ற க எல்லாமே அதிராத "கல்" க தான்னு வச்சுக்குங்க, மொழிப் பேருல வர்றதும் சேர்த்து.

உயிர்ல பெரிய சிக்கல் இல்ல, அ எ இ ஒ உ அஞ்சும் தான், குறில் நெடில் வித்தியாசம் இருக்கு, நெடிலை எழுத்தை இரட்டிச்சு எழுதுறாங்க. நெடிலைத் தனி ஒலியனா எண்ணினா 11ங்கிற நம்பர் அப்பவே 16 ஆயிடும், ரெண்டு குறில் பக்கத்துல பக்கத்துல நிக்குதுன்னு எண்ணினா 11 நிலைக்கும். ரெக்கார்டு போடுறவங்க இந்த இடத்தை வேகமா தாண்டிப் போயிடுவாங்க. அசை எல்லாம் உயிர்ல தான் முடியும், ரெண்டு மெய் சேர்ந்து நிக்காது. அழுத்தம் எங்க விழும்னா ரெண்டு மூணு அசை வார்த்தைல முதல் அசைல, நாலு அசைன்னா ஒன்னாவதுலயும் மூணாவதுலயும், அஞ்சுக்கு மேல போனா கடைசிலேர்ந்து மூணாவதுல, ஆனா நெடில் வந்தா இது கொஞ்சம் குழம்பும், வினைச்சொல் எல்லாம் இதுக்குள்ள அடங்கவும் அடங்காது.

எழுத்து 12, ஒலியன் 11

இதே மொழிக்கு சில இடத்துல 11 எழுத்து, சில இடத்துல 12 எழுத்துன்னு பார்த்திருப்பீங்க. ரெண்டும் தப்பில்ல. ரோமன் எழுத்துல ஏ, ஈ, ஜி, ஐ, கே, ஓ, பி (P), ஆர், எஸ், டி (T), யூ, வி ஆக 12 எழுத்து புழக்கத்துல இருக்கு. இதுல எஸ் மட்டும் கூடுதல், ஏன்னா டி எழுத்துக்குரிய ஒலியன் இகரத்துக்கு முன்னாடி வந்தா ஸ மாதிரியோ ட்ஸ மாதிரியோ மாறிடும், அதைக் கேட்டபடியே எஸ் போட்டு எழுதிட்டாங்க.

இதை நாமளே செக் பண்ணிப் பார்க்கலாம், அதான் இந்த மொழில எனக்குப் பிடிச்ச விஷயம். பைத்தான்ல மொழி சம்பந்தமா வேலை பார்த்தவங்களுக்கு என்.எல்.டி.கே தெரிஞ்சிருக்கும், அந்த லைப்ரரி கூட வர்ற டேட்டால ஒரு ரோட்டோகாஸ் அகராதி ஃபைல் இருக்கு, நிறைய பேரு டவுன்லோடு பண்ணி வச்சுட்டு திறந்தே பார்த்திருக்க மாட்டாங்க. ரெகுலர் எக்ஸ்பிரஷன், அதாவது எழுத்து அமைப்பைக் குடுத்துத் தேடுற முறை, சொல்லிக் குடுக்கிற இடத்துல அதோட கையேடே இந்த ஃபைலை எடுத்து எந்த மெய்க்கு அடுத்து எந்த உயிர் எத்தனை தடவை வருதுன்னு ஒரு டேபிள் போட்டுக் காட்டுது. டி வரிசைல பாருங்க: ஏ-வோட 47, ஈ-யோட 8, ஓ-வோட 148, யூ-வோட 37, ஐ-யோட மட்டும் பூஜ்யம். எஸ் வரிசைல ஐ-யோட 100, ஏ-வோடயும் ஈ-யோடயும் பூஜ்யம், ஓ-வோட 2, யூ-வோட ஒன்னே ஒன்னு. அந்த ஒன்னு என்னன்னு போயிப் பார்த்தா "கசுவாரி", பெரிய பறவையோட பேரு, வெளிலேர்ந்து வந்த வார்த்தை. ஓ-வோடயும் யூ-வோடயும் வர்ற இந்த மூணு விதிவிலக்கை விட்டா ஒன்னு இருக்கிற இடத்துல இன்னொன்னு வர்றதே இல்ல, அப்போ ரெண்டும் ஒரே ஒலியனோட ரெண்டு வேஷம் தான். ஒலியனியல் கிளாஸ்ல ஒரு வாரம் இழுத்து நடத்துறதை நாலு வரி கோடுல பார்த்துடலாம்.

அதே ஃபைல்லேர்ந்து இன்னொன்னு. "கா"ன்னு ஒரு வினை, ஆகாரத்தை இன்னும் கொஞ்சம் இழுத்துக்கங்க, தொண்டையில சிக்கிக்கிறதுன்னு அர்த்தம். உதாரண வாக்கியம்: "அபோக்கா இரா காரோய் ஆயோவா-இயா ரெயோரெயோபாவோரோ". அபோக்காங்கிற ஆளு பேசிக்கிட்டே சாப்பிட்டதுல சாப்பாடு தொண்டையில மாட்டிக்கிச்சு. இந்த முழு வாக்கியத்துல வர்ற மெய்யை எண்ணிப் பாருங்க, ப, க, ர மூணே மூணு தான், மிச்சம் எல்லாம் உயிர் (நடுவுல தெரியிற ய, வ ரெண்டும் உயிர் பக்கத்துல உயிரைத் தமிழ்ல எழுதுறதுக்காக நான் போட்டது). நேர் கீழயே அதோட டோக் பிசின் மொழிபெயர்ப்பு இருக்கு, அதுல "நெக்", "லாங்", "பிலாங்", "எம்"னு மெல்லினமா கொட்டுது. டோக் பிசின் தான் அந்த நாடு முழுக்க ஓடுற பொது மொழி, ரோட்டோகாஸ்காரங்க பெரும்பாலும் அதையும் பேசுறவங்க. "அவங்க வாயில மெல்லினமே வராது"ன்னு எழுதுறவங்க இந்த ரெண்டு வரியையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பார்த்திருந்தா அப்படி எழுதியிருக்க மாட்டாங்க.

ஃபிர்ச்சோ தம்பதியே 1969 கட்டுரைல இதைப்பத்தி ஒரு அருமையான குறிப்பு எழுதியிருக்காங்க, என்னைக் கேட்டா முழு கட்டுரையோட உயிரே அது தான். நடு ரோட்டோகாஸ்ல மெல்லின ஒலி காதுல விழுறது ரொம்ப அபூர்வம், ஒரு சந்தர்ப்பத்துல மட்டும் விழும்: வெளிநாட்டுக்காரன் ரோட்டோகாஸ் பேச முயற்சி பண்றதை ஒரு உள்ளூர்க்காரர் நக்கலா நடிச்சுக் காட்டும்போது. அதுலயும் வேடிக்கை என்னன்னா, அந்த வெளிநாட்டுக்காரன் நிஜத்துல மெல்லினம் போட்டானோ போடலையோ, நடிக்கிறவரு போட்டுடுவாரு. அதாவது அவங்களுக்கு மெல்லினம் காதுல கேக்குது, வாயில வருது, அது "நம்ம ஆளு இல்ல"ன்னு காட்டுற அடையாளமாவும் ஆகிப்போச்சு. வெள்ளைக்காரன் தமிழ் பேசுறதை நம்ம மிமிக்ரி ஆளுங்க பண்றப்போ அவன் சொல்லாத இடத்துலகூட நாக்கை உருட்டுவாங்களே, அந்தக் கேஸ்.

ஐட்டா

இனிமே தான் மெயின் மேட்டர். ஸ்டூவர்ட் ராபின்சன்னு ஒரு மொழியியலாளர், பின்னாடி 2011ல ரோட்டோகாஸ் வினைச்சொல் பத்தி நெதர்லாந்துல நைமேகன்ல டாக்டர் பட்ட ஆய்வு முடிச்சவர், 2006ல ஐட்டா கிளைமொழியோட ஒலிகளைப்பத்தி ஓஷியானிக் லிங்குவிஸ்டிக்ஸ் இதழ்ல நாலு பக்கம் எழுதினார். நாலே பக்கம். சொன்னது இது: ஐட்டாவுல அதிராத மூணும் இருக்கு, அதிர்ற மூணும் இருக்கு, அதுக்கு மேல ம, ன, ங மூணும் தனித்தனி ஒலியனா இருக்கு. மூணு இடம், மூணு வகை, மொத்தம் 9.

தனி ஒலியன்னு எப்படி முடிவு பண்றதுன்னா, ஒரே ஒரு சத்தம் மட்டும் மாறி மிச்சம் எல்லாம் அப்படியே இருக்கிற வார்த்தை ஜோடி தேடணும், தமிழ்ல வனம், மனம் மாதிரி. ஐட்டாவுல அப்படி ஜோடி கிடைக்குது, வ-வை எடுத்துட்டு ம போட்டா வேற வார்த்தை. நடு ரோட்டோகாஸ்ல அந்த ஜோடியோட ரெண்டு வார்த்தையும் ஒரே மாதிரி ஒலிக்குது.

இதோட நின்னிருந்தா "சரி, ஒரு கிளைமொழில ஆறு, இன்னொன்னுல ஒன்பது, ரெண்டும் வேற வேற"ன்னு முடிஞ்சிருக்கும். ராபின்சன் அடுத்த கேள்வி கேட்டாரு: இதுல எது பழசு? ரெண்டு கதைக்கு வாய்ப்பு இருக்கு. ஒன்னு, ஆதியில ஆறு தான், ஐட்டாக்காரங்க அதிர்ற மூணையும் ரெண்டா பிளந்து மெல்லினத்தைப் புதுசா உண்டாக்கிட்டாங்க. ரெண்டு, ஆதியில ஒன்பது, நடு ரோட்டோகாஸ்காரங்க மெல்லினத்தை அதிர்ற மெய்யோட கலந்துட்டாங்க.

ஒரு ஒலி ரெண்டா பிரியணும்னா அதுக்குக் காரணம் வேணும். இந்த உயிருக்கு முன்னாடி வந்தா இப்படி, வார்த்தை ஆரம்பத்துல வந்தா அப்படின்னு ஏதாவது சூழல் இருக்கணும், எந்த வார்த்தை எந்தப் பக்கம் போகும்னு சொல்லத் தெரியணும். ஐட்டாவுல அப்படி எந்த சூழலும் இல்ல, ஒரே மாதிரி இடத்துல ஒரு வார்த்தைல வ, இன்னொன்னுல ம. நடு ரோட்டோகாஸ் வார்த்தையை மட்டும் குடுத்து "இது ஐட்டாவுல எப்படி வரும்?"னு கேட்டா பதில் சொல்ல முடியாது. ஐட்டா வார்த்தையைக் குடுத்து நடு ரோட்டோகாஸ்ல எப்படி வரும்னு கேட்டா பளிச்சுன்னு சொல்லிடலாம். ஒரு திசையில மட்டும் ஊகிக்க முடியுதுன்னா கலப்பு நடந்தது அந்தத் திசையில தான்.

நமக்கு இது புரியாத விஷயமே இல்ல. தென்மாவட்டப் பேச்சுல நிறைய இடத்துல ழ போயி ள ஆயிடுச்சு, வாழை மரமும் வாளை மீனும் ஒரே மாதிரி ஒலிக்கும். ழ சொல்ற ஊர்க்காரன் கிட்ட ரெண்டு வார்த்தையையும் குடுத்தா அவன் ஊர்ல எப்படி, தெக்கத்தி ஊர்ல எப்படின்னு சொல்லிடலாம். தெக்கத்திப் பேச்சை மட்டும் வச்சுக்கிட்டு எந்த ள-வை ழ ஆக்கணும்னு கண்டுபிடிக்க ஒரு ரூலும் கிடையாது, ஒவ்வொரு வார்த்தையா மனப்பாடம் பண்ணித் தான் ஆகணும், பண்ணாதவங்க தான் ஸ்டேஜ்ல ஏறினதும் "பள்ளி"யைக் கூட பழ்ழி ஆக்கிடுறாங்க. இப்போ ள மட்டும் இருக்கிற ஒரு ஊருக்கு வந்து இறங்கின வெளியாளு "தமிழ்ல ழ கிடையாது"ன்னு எழுதிட்டுப் போனா எப்படி இருக்கும்? கேட்டதுல தப்பில்ல, மேல போட்ட லேபிள் தான் தப்பு.

ஆனா ஃபிர்ச்சோ தம்பதி மேல இந்தப் பழியைப் போடக்கூடாது. அவங்க அந்த மெல்லினக் குறிப்பை எழுதினப்போ தெளிவா அசல் ரோட்டோகாஸ்னு ஒரு அடைமொழி போட்டுத் தான் எழுதியிருக்காங்க, மத்த கிளைமொழி இருக்குன்னு அவங்களுக்குத் தெரியும். அந்த அடைமொழி நடுவுல எங்கயோ கழண்டு விழுந்துடுச்சு. எங்க விழுந்துச்சுன்னு தேடினா எனக்குப் படுறது டேட்டாபேஸ் தான். 1984ல இயான் மேடிசன்னு ஒரு மொழியியலாளர் 317 மொழியோட ஒலிப் பட்டியலைத் தொகுத்தார், அதுல குறைந்தபட்சம் 11, அந்த 11ல நிக்கிற மொழில ஒன்னு ரோட்டோகாஸ். அப்புறம் வால்ஸ்னு உலக மொழி அமைப்பு அட்லஸ் வந்துச்சு, அதுல அவரே மெய்யொலி எண்ணிக்கை பத்தி எழுதின பகுதில 562 மொழி, கீழ் எல்லை ரோட்டோகாஸ் 6, மேல் எல்லை தெற்கு ஆப்பிரிக்கப் பக்கம் நாக்கைச் சொடுக்கிப் பேசுற ஒரு மொழி 122, சராசரி 22 சொச்சம். டேபிள்ல ஒரு மொழிக்கு ஒரு வரிசை தான், மலைக்கு ஒரு வரிசை, பள்ளத்தாக்குக்கு ஒரு வரிசைன்னு போட முடியாது. அந்த ஒரு வரிசைலேர்ந்து எடுத்தவங்க தான் ரெக்கார்டுக்காரங்க, க்விஸ்காரங்க எல்லாம். பப்ளிஷ் ஆன விவரிப்பு நடு ரோட்டோகாஸுக்கு இருந்துச்சு, ஐட்டாவுக்கு 2006 வரைக்கும் இல்ல, அப்போ வேற எதைப் போட்டிருக்க முடியும்னு கேக்கலாம், நியாயம் தான். 2006க்கு அப்புறமும் அதே 6 மட்டும் சுத்துறதுக்கு என்ன நியாயம்?

மெல்லினம் இல்லாத மொழி வேற எங்கயும் இல்லயான்னா, இருக்கு. நியூ கினித் தீவோட மேற்குப் பாதில, இந்தோனேசியப் பக்கம், மாம்பெராமோ ஆத்துப் படுகைல லேக்ஸ் ப்ளெயின் குடும்பம்னு ஒரு கூட்டம் இருக்கு, அதுல பல மொழில மெல்லின ஒலியன் கிடையாது. அமெரிக்கால சியாட்டில் சுத்துவட்டாரத்துல லஷூட்சீட், அதுக்கு மேற்கே கில்யூட், மக்கா. லஷூட்சீட் கதை ரோட்டோகாஸுக்கு ரொம்ப நெருக்கம், அங்கயும் ம போயி அதிர்ற ப ஆச்சு, ன போயி அதிர்ற ட ஆச்சு. சியாட்டில்ல டுவாமிஷ்னு ஒரு ஆறு, ஒரு பழங்குடிப் பேரு இருக்குல்ல, இங்கிலீஷ்ல ம-வோட இருக்கிற அந்தப் பேரை லஷூட்சீட்ல இப்போ சொன்னா ம இருக்கிற இடத்துல அதிர்ற ப வருது. அங்க வேற வேற குடும்ப மொழிங்க பக்கத்துல பக்கத்துல இருந்து ஒன்னைப் பார்த்து ஒன்னு மெல்லினத்தை விட்டிருக்கு. பூகன்வில்ல அப்படி சொல்ல முடியாது, நடு ரோட்டோகாஸைச் சுத்தி மெல்லினத்துக்குப் பஞ்சமே இல்ல, கரையோர ஆஸ்ட்ரோனேசிய மொழில இருக்கு, தெற்கே நாசியோய்ல ம, ன இருக்கு, சொந்தக்காரன் ஐட்டாவுலயே இருக்கு.

இதனால இன்னொரு பெரிய விவாதத்துலயும் ரோட்டோகாஸைக் கொஞ்சம் ஜாக்கிரதையா கையாளணும். 2011ல குவென்டின் ஆட்கின்சன்னு ஒரு ஆய்வாளர் சயன்ஸ் இதழ்ல 504 மொழியோட வால்ஸ் டேட்டாவை வச்சு ஒரு கருத்து சொன்னார், ஆப்பிரிக்காவுல ஒலியன் வகை அதிகம், அங்கேர்ந்து மனுஷங்க தள்ளிப்போகப் போகக் குறையுது, ஓஷியானியா பக்கம் வரும்போது ரொம்பக் கம்மின்னு. சின்னச் சின்னக் கூட்டமா பிரிஞ்சு போகும்போது வழியில ஒலிங்க உதிர்ந்துடுதுங்கிற மாதிரி. நிறைய மொழியியலாளருங்க மறுத்தாங்க, அந்த சண்டை முழுசும் இங்க வேணாம். ரோட்டோகாஸை மட்டும் பார்த்தா, மெல்லினம் உதிர்ந்தது பல்லாயிரம் வருஷத்துக்கு முன்னாடி கடல் தாண்டி வந்தப்போ இல்ல, தீவுக்கு வந்து குடியேறி, மொழி கிளைமொழியா பிரிஞ்சதுக்கு அப்புறம், சொந்த மலையில உக்காந்திருந்தப்போ. சின்ன சமூகம்னா ஒலி குறையும்னு இன்னொரு கூட்டம் சொல்லுது, ஐட்டா பேசுறவங்களும் சின்ன சமூகம் தான், அவங்க ஒன்பதையும் பத்திரமா வச்சிருக்காங்க. ஒரு மொழியை வச்சு எந்தத் தியரியையும் கவுக்க முடியாது, ஆனா பட்டியலோட கடைசில நின்னு கோட்டை இழுக்கிற புள்ளி இது, அதோட கதை தெரியாம கோடு போடக்கூடாது.

"எளிமையான மொழி"ங்கிறதுக்கும் ஒரு வார்த்தை. மேல பார்த்த "காரோய்"ல நடுவுல இருக்கிற "ரோ", செய்யறவன் ஒரு ஆம்பளைன்னு காட்டுற விகுதி. ஆனா எல்லா வினைக்கும் "ரோ" வராது. ரோட்டோகாஸ் வினைச்சொல் எல்லாம் ரெண்டு கட்சி, ஒரு கட்சிக்கு "ரோ", இன்னொரு கட்சிக்கு "ரே". செயப்படுபொருள் எடுக்கிற வினைங்க எல்லாம் ரெண்டாவது கட்சி, எடுக்காத வினைங்க ரெண்டுலயும் சிதறிக் கிடக்கு, எது எந்தக் கட்சின்னு அர்த்தத்தை வச்சுச் சொல்லிட முடியுமாங்கிறது தான் ராபின்சனோட முழு ஆய்வேட்டுக்கும் விஷயம். பெயர்ச்சொல்ல ஆண், பெண், அஃறிணை மாதிரி மூணாவது ஒன்னு, அதுக்கு மேல ஒருமை, இருமை, பன்மை. "ககாயெத்தோ" பையன், "ககாயெவா" பொண்ணு. மெய் 6 வச்சுக்கிட்டு இவ்வளவையும் எப்படி சமாளிக்கிறாங்கன்னா வார்த்தையை நீட்டுறாங்க, அசைக்கு மேல அசை, "ரெயோரெயோபாவோரோ" மாதிரி.

இதெல்லாம் பேப்பர்ல நடக்கிற சண்டை மட்டும் இல்லன்றதும் இருக்கு. 1980லேர்ந்து பூகன்வில்ல, அப்போ அந்த மாகாணத்துக்கு வட சாலமன்ஸ்னு பேரு, சின்னப் பசங்களுக்கு முதல்ல தாய்மொழியில எழுத்து சொல்லிக் குடுக்கிற டோக் பிளேஸ் ஸ்கூல் திட்டம் ஆரம்பிச்சாங்க, நாட்டுக்கே முன்னோடி அது. சண்டைக் காலத்துல பள்ளிக்கூடமெல்லாம் மூடிக் கிடந்தது தனிக் கதை. ஒரு மொழிக்கு ஒரு எழுத்து முறைன்னு வச்சா எந்தக் கிளைமொழியை வச்சு அச்சடிக்கிறதுன்னு கேள்வி வந்தே தீரும். அந்த 12 எழுத்து நடு ரோட்டோகாஸுக்கு அளவெடுத்துத் தைச்சது, அதுல எம் கிடையாது, என் கிடையாது. ஐட்டாப் பையனுக்கு அதே புத்தகத்தைக் குடுத்தா அவன் வாயில தனித்தனியா இருக்கிற ரெண்டு வார்த்தையை ஒரே மாதிரி எழுதணும், அர்த்தம் பக்கத்து வார்த்தையைப் பார்த்து ஊகிக்கணும். ஐட்டாவுக்கு எழுதணும்னா எம் ஒன்னு, என் ஒன்னு, ங-வுக்கு ஏதாவது ஒன்னு சேர்க்கணும், அப்போ எழுத்து 15 ஆகும். நடு ரோட்டோகாஸ்காரர் அந்த 15 எழுத்துப் புத்தகத்தை எடுத்தா வாசிச்சுட முடியும், எம் வந்தா வி மாதிரி, என் வந்தா ஆர் மாதிரி படிச்சுட்டுப் போயிடலாம், எழுதுறப்போ தான் எங்க எதுன்னு தெரியாம முழிக்கணும்.